திரும்ப அழைக்கத் தெரியாத அஸ்திரம்

வட தமிழகத்து ஊர்களில் பாரதக் கூத்து நடக்கும்போது, ‘அர்ச்சுனன் தபசு’ அன்று கூட்டம் நிரம்பி வழியும். அர்ச்சுனன் வேடமிட்டவர் உயரமான தபசு மரத்தில் பாடிக்கொண்டே ஏறுவார். சிவனிடம் பாசுபதாஸ்திரம் பெறத்தான் இந்தத் தவம்.

அந்த அஸ்திரம் சும்மா கிடைக்கவில்லை. ஒரு நிபந்தனையோடு கிடைத்தது. ‘வலிமை குறைந்தவன் மீது இதை ஏவாதே, ஏவினால் உலகமே அழியும்’ என்று சொல்லித்தான் சிவன் கொடுக்கிறார். அதோடு, ஏவும் முறையைக் கற்றுத்தந்த கையோடு திரும்பப் பெறும் முறையையும் கற்றுத்தருகிறார். தேவர்களின் ஆயுதம் மனிதர்களின் கைக்கு வரும்போதெல்லாம் மகாபாரதத்தில் இப்படி ஒரு கட்டுப்பாடும் கூடவே வருகிறது. இரண்டு உலகங்களுக்கு நடுவே கையெழுத்து இல்லாமல் போட்ட ஒப்பந்தம் என்றே இதைச் சொல்லலாம்.

ஒப்பந்தத்தின் இன்னொரு விதி வனவாசத்தில் தெரியவருகிறது. இந்திரலோகத்தில் ஐந்து வருடங்கள் தங்கிப் பயிற்சி பெற்றுத் திரும்புகிறான் அர்ச்சுனன். ‘அந்த அஸ்திரங்களைக் கொஞ்சம் காட்டேன்’ என்று தருமர் ஆசையாகக் கேட்கிறார். தம்பியும் தயாராகிறான். உடனே பூமி நடுங்குகிறது, கடல் கொந்தளிக்கிறது, காற்று நின்றுபோகிறது. மண்ணுக்குள் வாழும் உயிர்கள் எல்லாம் வெளியே வந்து, நடுங்கியபடி கைகூப்பி நிற்கின்றன. தேவர்கள் அனுப்பிய நாரதர் ஓடி வந்து தடுக்கிறார். ‘இலக்கு இல்லாமல் இதை எடுக்கவே கூடாது. இலக்கு இருந்தாலும், வேறு வழியே இல்லை என்ற நிலையில்தான் எடுக்க வேண்டும்’ என்கிறார். வேடிக்கை காட்டக்கூட அனுமதி இல்லை!

இந்த ஒப்பந்தத்தை மீறியவன் அசுவத்தாமன். பிரம்மசிரஸ் என்ற அஸ்திரத்தைத் துரோணர் முதலில் அர்ச்சுனனுக்குத்தான் கொடுத்தார். அது பொறுக்காமல் மகன் தனக்கும் கேட்டான். அவனுடைய அவசர புத்தி தெரிந்த தந்தை, மனமில்லாமல்தான் கொடுத்தார். ‘எவ்வளவு பெரிய ஆபத்து வந்தாலும் மனிதர்கள் மீது ஏவாதே’ என்று கட்டளையும் இட்டார். பெற்ற பாசத்தில், தகுதி பார்க்காமல் கொடுத்த ஒரு வித்தை. துரோணர் செய்த பெரிய பிழை இதுவாகத்தான் இருக்க வேண்டும்.

போர் முடிந்த பிறகு, தூங்கிக்கொண்டிருந்த திரௌபதியின் ஐந்து பிள்ளைகளையும் அசுவத்தாமன் இரவோடு இரவாகக் கொன்றான். பீமன் துரத்தி வந்தபோது பயத்தில் ஒரு புல்லைக் கிள்ளி, அதிலேயே அந்த அஸ்திரத்தை ஏவினான். அதைத் தடுக்க அர்ச்சுனனும் தன் அஸ்திரத்தை விடுத்தான். ஆனால் விடுக்கும் முன், முதலில் எதிரியான குருவின் மகனுக்கும், பிறகு தனக்கும் தன் சகோதரர்களுக்கும் நன்மை வேண்டிக்கொண்டான்.

இரண்டு நெருப்புகளுக்கும் நடுவில் வியாசரும் நாரதரும் வந்து நின்றார்கள். இப்படி இரண்டு அஸ்திரங்கள் மோதும் நாட்டில் 12 வருடங்கள் மழை பெய்யாது என்பது வியாசரின் எச்சரிக்கை. அர்ச்சுனன் தன் அஸ்திரத்தைத் திரும்பப் பெற்றான். அசுவத்தாமனால் முடியவில்லை. மனக்கட்டுப்பாடு இல்லாதவன் திரும்ப அழைக்க முயன்றால் அது அவன் தலையையே கொய்துவிடும். எங்காவது விழுந்தே ஆக வேண்டும் என்றானதும், பாண்டவ குலத்துப் பெண்களின் கருப்பை மீது அதைத் திருப்பினான். உத்தரையின் வயிற்றில் இருந்த சிசு இறந்து பிறந்தது. கண்ணன்தான் அதை உயிர்ப்பித்தார். பரீட்சித்து என்ற பெயரில் பின்னாளில் நாடாண்டது அந்தக் குழந்தைதான்.

யுத்தத்தில் எந்தப் பக்கமும் சேராத, இன்னும் பிறக்கவே பிறக்காத உயிரின் மேல் போய் விழுந்தது அந்தக் கோபம். இதிகாசம்தானே என்று ஒதுக்கிவிட முடியாதபடி, இருபதாம் நூற்றாண்டிலும் அதே மாதிரி ஒன்று நடந்தது.

1950களில் அணுகுண்டுகளைத் திறந்தவெளியில் வெடித்துச் சோதித்தார்கள். யார் மீதும் போடவில்லை, பலத்தைக் காட்டிக்கொள்ளத்தான். ஆனால் அந்தப் புகையில் இருந்த ஸ்ட்ரான்சியம்-90 மழையோடு புல்லில் இறங்கியது. புல்லை மேய்ந்த மாட்டின் பாலில் கலந்தது. உடம்பு அதைக் கால்சியம் என்று நினைத்து எலும்பிலும் பல்லிலும் சேர்த்துக்கொண்டது. அமெரிக்காவின் செயின்ட் லூயிஸ் நகரில் 1958இல் தொடங்கிய ஆய்வுக்காக, குழந்தைகளுக்கு விழுந்த பால்பற்களைப் பெற்றோர் தபாலில் அனுப்பிவைத்தார்கள். சோதனைகள் கூடக்கூட, பிந்திப் பிறந்த குழந்தைகளின் பல்லில் அந்த நஞ்சும் கூடியிருந்தது தெரியவந்தது.

1963 ஆகஸ்ட் 5 அன்று அமெரிக்கா, சோவியத் யூனியன், பிரிட்டன் மூன்றும் மாஸ்கோவில் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டன. காற்றுவெளி, விண்வெளி, நீருக்கடியில் அணுகுண்டுச் சோதனை கூடாது என்று முடிவானது. பூமிக்கு அடியில் நடத்தும் சோதனைக்கு மட்டும் தடை வரவில்லை. நாரதர் சொன்னதில் பாதியை மனிதர்கள் ஏற்றுக்கொண்டார்கள்.

மீதிப் பாதி இன்னும் பாக்கி இருக்கிறது. கண்டம் விட்டுக் கண்டம் பாயும் அணு ஏவுகணையைச் செலுத்திவிட்டால், ‘தவறாகிவிட்டது, திரும்பி வா’ என்று அழைக்க முடியாது. அந்த ஒரு விஷயத்தில், அதை வைத்திருக்கும் நாடுகள் எல்லாமே அசுவத்தாமனின் இடத்தில்தான் நிற்கின்றன.

ஏவத் தெரிந்தவர்கள் மகாபாரதத்தில் நிறையப் பேர். திரும்பப் பெறத் தெரிந்ததால்தான் அர்ச்சுனன் கையில் அந்த அஸ்திரம் இருப்பது உலகுக்குப் பயமில்லாமல் இருந்தது. ஒருவர் கையில் வலிமையைக் கொடுக்கும் முன், அது நாடானாலும் சரி, பெற்ற பிள்ளையானாலும் சரி, துரோணர் கேட்காமல் விட்ட கேள்வியைக் கேட்டுவிடுவது நல்லது: ‘இதை நிறுத்தத் தெரியுமா உனக்கு?’