வீடு என்ன விலை சார்?

ஞாயிற்றுக்கிழமை பேப்பரை உதறிப் பாருங்கள். நான்கு நோட்டீஸாவது விழும். லாஸ்பேட்டையில் இரண்டு பெட்ரூம் ஃப்ளாட். வில்லியனூர் ரோட்டில் மனை. கோட்டக்குப்பம் தாண்டி, 'புதுச்சேரிக்கு மிக அருகில்' ஒரு வில்லா. (புதுச்சேரிக்கு மிக அருகில் என்றால், தமிழ்நாட்டில் இருக்கிறது என்று அர்த்தம்.) எல்லா நோட்டீஸிலும் ஒரே அப்பா, ஒரே அம்மா, பலூன் பிடித்த ஒரே குழந்தை. கொட்டை எழுத்தில், 'வாடகைப் பணத்திலேயே சொந்த வீடு!' அடியில் எறும்பு சைஸில், 'நிபந்தனைகளுக்கு உட்பட்டது.'

என் சண்டை அந்த எறும்போடுதான்.

புதுசாக ஃப்ளாட் வாங்கிய யாரையாவது கேளுங்கள். "என்ன விலை சார்?" "முப்பத்தாறு லட்சம்" என்பார். தப்பு. அது பில்டர் சொன்ன விலை. அவர் கொடுக்கப்போகிற விலை வேறு. பாவம், அது அவருக்கே தெரியாது. கத்தரிக்காய் வாங்கினால் கால் கிலோவுக்குக் கணக்குக் கேட்கிறோம். ஞாயிற்றுக்கிழமை காந்தி வீதிச் சந்தையில் நூறு ரூபாய் சட்டைக்கு அரை மணி நேரம் பேரம் பேசுகிறோம். வாழ்க்கையிலேயே பெரிய செலவுக்கு மட்டும், "மாசம் எவ்வளவு கட்டணும்?" என்ற ஒரே கேள்வியோடு கையெழுத்துப் போட்டுவிட்டு வருகிறோம்.

கணக்குப் போட்டுப் பார்ப்போமா? பேனா எடுங்கள்.

36 லட்சம் ரூபாய் ஃப்ளாட். கையிருப்பு, பெண்டாட்டி நகை எல்லாம் சேர்த்து 6 லட்சம். மீதி 30 லட்சம் வங்கிக் கடன். வட்டி எட்டரை சதவிகிதம், 20 வருஷம் என்று வைத்துக்கொள்ளுங்கள். மாதத் தவணை 26,035 ரூபாய். இதை 240-ஆல் பெருக்குங்கள். 62 லட்சத்து 48 ஆயிரம் ரூபாய். வாங்கியது 30, கொடுப்பது 62. கைக்காசு ஆறையும் சேர்த்தால் உங்கள் வீட்டின் விலை அறுபத்தெட்டரை லட்சம். பத்திரச் செலவு, மர வேலை, கிரகப்பிரவேசச் சாப்பாடு எல்லாம் தனி.

இதுகூடப் பரவாயில்லை. முதல் மாதம் கட்டுகிறீர்களே 26,035 ரூபாய், அதில் வட்டிக்குப் போவது 21,250. அசலில் கழிவது வெறும் 4,785. அந்தக் காசுக்கு அந்த ஃப்ளாட்டில் ஒரு ஜன்னல்கூட வராது. ஐந்து வருஷம் ஒரு மாதம் தவறாமல் 15 லட்சத்து 62 ஆயிரம் கட்டியபிறகு, "பாக்கி எவ்வளவு?" என்று கேட்டால் 26 லட்சத்து 44 ஆயிரம் என்பார்கள். பலருக்கு அங்கேதான் தலை சுற்றும். பாதி அசல் தீர எவ்வளவு நாள் ஆகும் தெரியுமா? 13 வருஷம் 10 மாதம். குடிபோகும்போது எல்.கே.ஜி.யில் சேர்த்த பிள்ளை பிளஸ் டூ பரீட்சை எழுதும்போது, பாதிக் கடன் அப்படியே இருக்கும்.

இதில் மோசடி எதுவும் இல்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். மீதமிருக்கிற அசலுக்குத்தான் வட்டி. ஆரம்பத்தில் அசல் அதிகம், அதனால் வட்டியும் அதிகம். கந்து வட்டிக்காரனோடு வைத்துப் பார்த்தால் வங்கி தர்மப்பிரபு. வீட்டுக் கடனே வாங்காதீர்கள் என்று உபதேசம் செய்யவும் நான் வரவில்லை. கடன் இல்லாமல் வீடு வாங்க இந்தக் காலத்தில் எத்தனை பேரால் முடியும்? என் கோபமெல்லாம், இந்தக் கணக்கை முழுசாகச் சொல்லாமல் மறைத்து, தவணையை மட்டும் காட்டி வியாபாரம் செய்கிறார்களே, அதன்மேல்தான்.

அந்த வியாபாரத்தின் உச்சம் இது. தவணை கொஞ்சம் இடிக்கிறது என்று நீங்கள் தலையைச் சொறிவீர்கள். எதிரே டை கட்டிய தம்பி புன்னகையோடு சொல்வார்: "ஒண்ணும் பிரச்னை இல்ல சார், முப்பது வருஷமா போட்டுடலாம்!" என்ன நல்ல மனசு என்று தோன்றும். 20 வருஷத்தை 30 ஆக்கினால் தவணை 23,067 ஆகும். மாதம் 2,968 ரூபாய் மிச்சம். மொத்தம் கட்டுவதோ 83 லட்சத்தைத் தாண்டிவிடும். அந்த மூவாயிரம் ரூபாய் சலுகைக்கு நீங்கள் கொடுக்கிற விலை 20 லட்சத்து 56 ஆயிரம்! மாறாக 15 வருஷம் என்று போட்டால் தவணை 3,507 ரூபாய்தான் ஏறும். மொத்தத்தில் 9 லட்சத்து 30 ஆயிரம் குறையும். இதை அந்தத் தம்பி சொல்லி நான் இதுவரை கேட்டதில்லை.

இவ்வளவும், வட்டி 20 வருஷத்துக்கும் அசையாமல் நிற்கும் என்ற கற்பனையில் போட்ட கணக்கு. அது நிற்காது. நம் ஊர் வீட்டுக் கடன் பெரும்பாலும் மாறும் வட்டி. 2020 மே மாதம் ரிசர்வ் வங்கி ரெப்போ விகிதத்தை 4 சதவிகிதத்துக்கு இறக்கியது. வீட்டுக் கடன் வட்டி ஏழுக்கும் கீழே வந்தது. "இந்த மாதிரி வட்டி இனி வராது சார்" என்று கூவிக் கூவி விற்றார்கள். அது மட்டும் உண்மை. 2022 மே மாதம் ஏற ஆரம்பித்த ரெப்போ, 2023 பிப்ரவரிக்குள் ஆறரை ஆகிவிட்டது.

2021-ல் ஆறே முக்கால் சதவிகிதத்துக்கு 30 லட்சம் வாங்கிய ஒருவரை எடுத்துக்கொள்வோம். 20 வருஷம், தவணை 22,811 ரூபாய். ஒன்றரை வருஷம் ஒழுங்காகக் கட்டுகிறார். வட்டி இரண்டரை ஏறி ஒன்பதே கால் ஆகிறது. (கணக்கு எளிதாக இருக்க, இடையில் படிப்படியாக ஏறியதை விட்டுவிட்டேன். சேர்த்தால் இன்னும் மோசம்.) பாக்கி அசல் சுமார் 28 லட்சத்து 88 ஆயிரம். அதற்கு அந்த மாத வட்டி மட்டும் 22,261. தவணை ஏறாமல் அதே 22,811 என்றால், அசலில் கழிவது 550 ரூபாய். ஐந்நூற்றைம்பது! அந்த வேகத்தில் கடன் தீர இன்னும் 40 வருஷத்துக்கு மேல் வேண்டும். அதனால்தான் அப்போது பல பேருக்குத் தவணை, காலம் இரண்டையும் சேர்த்தே ஏற்றினார்கள். எத்தனை பேருக்கு முன்னதாகச் சொல்லிவிட்டுச் செய்தார்கள்? காலம் நீண்ட விஷயம் பல வருஷம் கழித்துத் தெரிந்து திகைத்தவர்களை உங்கள் ஆபீஸிலேயே தேடிப் பாருங்கள், கிடைப்பார்கள். கூப்பாடு எழுந்த பிறகு, 2023 ஆகஸ்டில்தான் ரிசர்வ் வங்கி வாய் திறந்தது. தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா என்று கடன்காரரைக் கேட்கவேண்டும், மூன்று மாதத்துக்கு ஒருமுறை கணக்கு விவரம் தரவேண்டும் என்றது. 2025-ல் ரெப்போ இறங்கவும் இறங்கியது; ஜூனில் ஐந்தரைக்கு வந்தது. உங்கள் கடனுக்கு இறங்கியதா? 2019 அக்டோபருக்கு முன் வங்கியில் வாங்கி, பழைய முறையிலேயே கிடப்பவர்கள் கட்டாயம் விசாரியுங்கள். நீங்களாகக் கேட்டால்தான் புது முறைக்கு மாற்றுவார்கள். அதற்கும் கட்டணம் உண்டு.

இனி நம் ஊர் சமாசாரம். புதுச்சேரியில் தெருவுக்கு ஒரு வீட்டிலாவது பிரான்ஸில் ஒரு மாமாவோ சித்தப்பாவோ இருப்பார். அடுத்த தடவை அவர் லீவில் வரும்போது ஒயின் பாட்டிலையும் சாக்லேட்டையும் வாங்கி வைத்துக்கொண்டு, ஒரு கேள்வி கேளுங்கள். "அங்க வீட்டுக் கடன் எப்படி மாமா?"

அவர் சொல்வார். அங்கே வீட்டுக் கடன் பெரும்பாலும் கடைசித் தவணை வரை ஒரே வட்டி. உலகம் புரண்டாலும் தவணை மாறாது. 1979-ல் கொண்டுவந்த சட்டத்தின்படி, வங்கி எழுத்தில் கொடுக்கிற கடன் சலுகையில் நீங்கள் உடனே கையெழுத்துப் போட முடியாது. ஆசைப்பட்டாலும் முடியாது! பத்து நாள் வீட்டில் வைத்து யோசிக்கவேண்டும், பதினோராம் நாள்தான் சம்மதம் சொல்லலாம். 2022 முதல் இன்னொரு கட்டுப்பாடு: சில விதிவிலக்குகள் தவிர, வருமானத்தில் 35 சதவிகிதத்துக்கு மேல் கடன் தவணைக்குப் போகக்கூடாது, 25 வருஷத்துக்கு மேல் கடன் நீளக்கூடாது. வெள்ளைக்காரன் நமக்கு விட்டுப் போனது போலீஸ்காரரின் சிவப்புத் தொப்பியும் வீதிப் பெயர்ப் பலகையும். இந்த மாதிரி உருப்படியான விஷயங்கள் அவன் போனபிறகு வந்ததால் நமக்குக் கிட்டவில்லை. இங்கே அரசாங்கம் நினைத்தால் கொண்டுவர முடியாதா என்ன?

"இருபது வருஷம்தானே சார், ஓடிடும்" என்பவர்கள் முதலியார்பேட்டைப் பக்கம் போய்வரட்டும். 1898-ல் ஆரம்பித்த மில். ரோடியர் மில் என்றும் ஏ.எஃப்.டி. என்றும் பெயர். அங்கே வேலை கிடைத்தால் பெண் கொடுக்கத் தயங்கமாட்டார்கள். 2011 டிசம்பரில் தானே புயல் அடித்தது; அதன்பிறகு எழுந்திருக்கவே இல்லை. 2020-ல் ஒரேயடியாக மூடிவிட்டார்கள். பாப்ஸ்கோ, பாசிக் ஊழியர்கள் சம்பள பாக்கிக்காகத் தெருவில் உட்கார்ந்ததை நாம் எல்லோரும் பார்த்தோம். கவர்ன்மென்ட் சம்பளம் மாதிரிதான் என்று நம்பி இருந்தவர்கள் அவர்கள். சம்பளம் நிற்கலாம், தவணை நிற்காது. தவணை 90 நாள் நின்றால் வாராக்கடன். அப்புறம் 60 நாள் நோட்டீஸ். அதற்கும் பணம் வரவில்லை என்றால் கோர்ட்டுக்குப் போகாமலே வீட்டைக் கைப்பற்ற, 2002-ல் போட்ட சட்டம் வங்கிக்கு அதிகாரம் கொடுத்திருக்கிறது.

எறும்பு எழுத்தில் இன்னும் இரண்டு மூன்று இருக்கின்றன. கடனோடு சேர்த்து ஒரு இன்ஷூரன்ஸ் பாலிசியைத் தலையில் கட்டுவார்கள். "கட்டாயம் சார்" என்பார்கள். சட்டப்படி கட்டாயம் இல்லை. குடும்பத் தலைவருக்கு இன்ஷூரன்ஸ் தேவைதான், ஆனால் அதை எங்கே, என்ன விலைக்கு வாங்குவது என்பது உங்கள் இஷ்டம். 60,000 ரூபாய் பிரீமியத்தைக் கடனிலேயே ஏற்றிவிட்டால், 20 வருஷத்தில் அதற்கு நீங்கள் கட்டுவது 1 லட்சத்து 25 ஆயிரம். அப்புறம், "வரி மிச்சம் சார்!" இது பழைய பல்லவி. புதிய வருமான வரி முறையில், நீங்களே குடியிருக்கிற வீட்டின் கடன் வட்டிக்கு ஒரு ரூபாய்கூடக் கழிவு கிடையாது.

"வீட்டு விலையும்தான் ஏறுதே?" என்று கேட்பீர்கள். ஏறட்டும். விற்கப் போகிறீர்களா? விற்றுவிட்டு எங்கே போவீர்கள்? "பத்து வருஷம் கழித்து இருபத்தாறாயிரம் ஒரு பணமா?" என்பது நியாயமான கேள்வி. சம்பளம் ஏறுகிறவர்களுக்குப் பாரம் குறையும், ஒப்புக்கொள்கிறேன். அப்படி ஏறினால் ஏறிய பணத்தைக் கொண்டுபோய் அசலில் போடுங்கள். மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைத்தால் வங்கிகள் அபராதம் வாங்கக்கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012-லேயே தடுத்துவிட்டது. தீபாவளி போனஸில் வருஷத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால், நாம் போட்ட முதல் கணக்கில் மூன்று வருஷத்துக்கு மேல் குறையும். ஆறு லட்சத்துக்கு மேல் மிச்சம். அந்தப் போனஸில்தான் 55 இன்ச் டி.வி. வாங்கிவிடுகிறோம்.

கடைசியாக, வங்கிக்குப் போகிறவர்கள் கவனத்துக்கு. 2024 அக்டோபர் முதல், கடன் கொடுக்கும் முன்னால் முக்கிய விவரங்கள் அடங்கிய தாள் ஒன்றைத் தரவேண்டும் என்பது ரிசர்வ் வங்கி உத்தரவு. கட்டணங்களையும் சேர்த்து உண்மையான வருடாந்திர வட்டி என்ன, ஒவ்வொரு தவணையிலும் அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, எல்லாம் அதில் இருக்கவேண்டும். யோசிக்கக் குறைந்தது மூன்று வேலை நாள் அவகாசம். (அங்கே பத்து, இங்கே மூன்று. போகட்டும், பூஜ்யத்துக்கு மூன்று தேவலை.) அந்த உத்தரவில் இன்னொரு வரியும் இருக்கிறது: கடன் வாங்குகிறவருக்குப் புரிகிற மொழியில் அந்தத் தாள் இருக்கவேண்டும், அதை அவருக்கு விளக்கிச் சொல்லவும் வேண்டும்.

புரிகிற மொழியில்! நம் ஊரில் அது தமிழ். கத்தையாக இங்கிலீஷ் பேப்பரை நீட்டி, பென்சிலால் பெருக்கல் குறி போட்ட இடத்திலெல்லாம் கையெழுத்துக் கேட்பார்கள். "தமிழ்ல குடுங்க தம்பி, வீட்டுக்கு எடுத்துட்டுப் போய்ப் படிச்சிட்டு வியாழக்கிழமை வரேன்" என்று சொல்லிப் பாருங்கள். தம்பி மேனேஜர் ரூமைத் திரும்பிப் பார்ப்பார். பார்க்கட்டும். நீங்கள் பேனாவை மூடிச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருங்கள்.