கற்றார் யாவரும் ஆசிரியராவரோ?

ஒரு கல்லூரி தன் ஆண்டு நிறைவு விழாவைக் கொண்டாடுங்கால் அதன் பழைய மாணவர் ஒன்றுகூடுதல் வழக்கம். அவ்வாறு கூடுமிடத்து அவர்தம் பேச்சில் முதற்கண் எழுவன மண்டபங்களின் பெயர்களல்ல; தமக்குக் கற்பித்த ஆசிரியர்களின் பெயர்களே. இன்னார் கேத்திரகணிதத்தைக் கதைபோல விளக்கினார் என்பர் ஒருவர். இன்னார் இலக்கணத்தை நகைச்சுவையோடு ஊட்டினார் என்பர் மற்றொருவர். ஐம்பதாண்டு கழிந்த பின்னும் ஓர் ஆசிரியரின் குரல் செவியில் ஒலித்துக்கொண்டிருக்க, அடுத்த அறையில் அதே பாடத்தை அதே தராதரத்தோடு கற்பித்த வேறொருவரின் பெயர்தானும் நினைவுக்கு வருவதில்லை. இருவரும் கற்றவர், இருவரும் பட்டதாரிகள். அவ்வாறாயின் இவ்வேறுபாடு எதனால் விளைந்தது? இவ்வினாவை விழாக்காலத்து இனிய நினைவாக மட்டும் விட்டுவிடாது, சிறிது ஆழ்ந்து ஆராய்தல் தகும் என யாம் கருதுகின்றோம்.

ஆசிரியத் திறன் பிறப்பிலேயே அமைவது, பயிற்சியால் வருவதன்று என்பாரும் உளர். பாடத்தை நன்கு கற்றவனுக்குக் கற்பித்தல் தானே கைகூடும் என்பார் பிறர். இவ்விரு கொள்கைகளும் ஒன்றுக்கொன்று மாறுபட்டன போலத் தோன்றினும், விளைவு ஒன்றே. கற்பித்தலைக் கற்கவேண்டியதில்லை என்பதே இரண்டன் முடிவுமாம். யாம் இதனை மறுக்கின்றோம். கற்பித்தல் தனக்கெனத் திறனும் நெறியும் உடையதொரு தொழில். அதனை அளத்தற்கு அளவுகோல் உண்டு. அவ்வளவுகோலைப் பேணும் பொறுப்பு ஆசிரியர்க்கு மட்டுமன்றி, அவர்தம் உழைப்பின் பயனை நுகர்ந்த பழைய மாணவராகிய எமக்கும் உண்டு.

எளியதோர் உதாரணத்தாற் கூறுவோம். அரையும் மூன்றிலொன்றும் கூட்டினால் யாது வரும் என வினவ, ஒரு சிறுவன் ஐந்தில் இரண்டு என எழுதுகின்றான். கணிதம் அறிந்தார் எவரும் அது பிழையென்பர்; சிவப்பு மையாற் குறுக்குக்கோடு இட்டு, ஆறில் ஐந்து என்னும் சரியான விடையை எழுதிக் கொடுப்பர். ஆசிரியரோ அச்சிறுவன் தொகுதிகளை ஒன்றோடொன்றும் பகுதிகளை ஒன்றோடொன்றும் கூட்டியிருக்கின்றான் என்பதை நொடியில் உணர்வார். பின்னர் அவனை நோக்கி, அரைத் தேங்காயோடு மேலுமொரு துண்டைச் சேர்த்தால் கையிலிருப்பது அரைத் தேங்காயினும் குறைந்துவிடுமோ என வினவுவார். சிறுவன் சிரிப்பான், தன் பிழையைத் தானே காண்பான், அப்பிழை பின்னர் அவனை அணுகாது. முன்னவரிடம் இருந்தது கணித அறிவு. பின்னவரிடம் அதனோடு மற்றோர் அறிவும் இருந்தது. மாணவன் எவ்விடத்து, எக்காரணத்தால் இடறுவான் என்னும் அறிவு அது. அமெரிக்கக் கல்வியறிஞர் லீ ஷுல்மன் 1986ஆம் ஆண்டில் இவ்வறிவைத் தனியே பிரித்துக் காட்டினார். பாட அறிவும் பொதுவான கற்பித்தல் முறையும் மட்டும் போதா. குறித்த பாடத்தைக் குறித்த மாணவர்க்கு விளங்கவைக்கும் அறிவே ஆசிரியர்க்குரிய சிறப்பறிவு என்பது அவர் கருத்து.

இது மேனாட்டார் இன்று கண்ட புதுமையன்று. 13ஆம் நூற்றாண்டளவிற் பவணந்தி முனிவர் இயற்றிய நன்னூலின் பாயிரத்திலே நல்லாசிரியர் இலக்கணமும், ஆசிரியராகத் தகாதார் இலக்கணமும், பாடஞ் சொல்லும் முறையும் வகுத்துக் கூறப்பட்டுள்ளன. நல்லாசிரியரை நிலத்துக்கும் மலைக்கும் நிறைகோலுக்கும் மலருக்கும் ஒப்பிட்ட அந்நூல், தகாதாரைச் சுட்டக் கூறிய உவமைகள் பெரிதும் சிந்திக்கத்தக்கன. கழற்காய் இட்ட குடத்தைக் கவிழ்த்தால் காய்கள் இட்ட முறையில் வெளிவாரா. தாம் கற்ற ஒழுங்கின்றி முன்பின்னாகக் கொட்டுவார் அத்தகையர். மட்டை கழியாத பனையில் ஏறிப் பழம் பறித்தல் அரிது. தானாக விழுவதைப் பொறுக்குவதே வழி. அணுகி வினவ இடங்கொடாது, தமக்கு விருப்பமானபோது மட்டும் சிறிது உதிர்ப்பார் அத்தகையர். பனைசூழ் நாட்டினராகிய எமக்கு இவ்வுவமையை விளக்கவேண்டுவதில்லை. பருத்தி அடைத்த குண்டிகையில் இடுவதும் அரிது, எடுப்பதும் அரிது. வளைந்த தென்னையோ ஒருவன் வளவில் நீரைக் குடித்து அயலவன் வளவிலே காயை விழுத்தும். இந்நான்கினையும் இன்றைய வகுப்பறை வாயிலில் நின்று நோக்குவார்க்கு, எழுநூறு ஆண்டுக்கு மேற்பட்ட நூலொன்று நேற்று எழுதப்பட்டது போலவே தோன்றும்.

பாடஞ் சொல்லும் முறையில் அந்நூல் வேண்டுவன எவை? காலமும் இடமும் அறிதல், சொல்லப்போகும் பொருளை முன்னரே உள்ளத்தமைத்தல், விரையாமை, வெகுளாமை, முகமலர்ச்சி, மாணவனின் கொள்திறன் அறிந்து கொடுத்தல் என்பன. இவற்றுள் விரையாமை என்னும் ஒன்றையே எடுத்துக்கொள்வோம். மேரி பட் றோ என்னும் அமெரிக்க ஆய்வாளர் வகுப்பறைகளை ஒலிப்பதிவு செய்து ஆராய்ந்து 1970களில் வெளியிட்ட முடிவுகளின்படி, ஆசிரியர் வினா விடுத்தபின் விடைக்காகக் காத்திருக்கும் நேரம் ஏறத்தாழ ஒரு விநாடியே. அதனை மூன்று விநாடியாக நீட்டிய வகுப்புகளில் மாணவரின் விடைகள் நீண்டன. முன்னர் வாய்திறவாதிருந்தாரும் விடையளிக்கத் தொடங்கினர். முன் வாங்கில் இருக்கும் மூவர் மாத்திரம் விடை கூற, பின் வாங்கினர் ஆண்டு முழுவதும் மௌனஞ் சாதிக்கும் வகுப்பை யாவரும் அறிவர். அம்மௌனத்தை உடைக்க வேண்டுவது பெரும் பொருளன்று; இரண்டு விநாடிப் பொறுமையே. இத்தகைய சிறு திறன்களின் தொகுதியே ஆசிரியத் தொழில் என்க.

ஏட்டுக்கல்விக்கு உரைத்தது கைத்தொழிற் பயிற்சிக்கும் பொருந்தும். இரண்டாம் உலகப் போர்க்காலத்தில், 1940 முதல் 1945 வரை, அமெரிக்கத் தொழிற்சாலைகளில் முன்னனுபவமற்ற பெருந்தொகையினரைக் குறுங்காலத்திற் பயிற்ற நேர்ந்தது. அப்போது போதனாசிரியர்க்கு நான்கு படிகள் விதிக்கப்பட்டன. பயில்வோனை ஆயத்தஞ் செய்தல் முதலாவது. வேலையைப் படிப்படியாகச் செய்துகாட்டி, முக்கியமான இடங்களையும் அவற்றுக்குரிய காரணங்களையும் கூறுதல் இரண்டாவது. அவனைக்கொண்டே செய்வித்து, காரணத்தையும் அவன் வாயாற் சொல்வித்தல் மூன்றாவது. அவனைத் தனியே விட்டு, இடையிடையே மேற்பார்த்தல் நான்காவது. பயில்வோன் கற்கவில்லையெனின் பயிற்றுவோன் கற்பிக்கவில்லை என்பதே அம்முறையின் அடிப்படைக் கொள்கை.

இந்நான்கனுட் காரணங் கூறுதலைக் கைவிட்டால் நேரும் கேடு சிறிதன்று. வீட்டு மின்னிணைப்புப் பயிலும் இளைஞன் ஒருவனுக்குப் புவிக்கம்பியை எவ்வாறு தொடுப்பது எனக் காட்டிவிட்டு, அஃது ஏன் வேண்டும் எனக் கூறாதொழிந்தால், பின்னொருநாள் வேலை நெருக்கடியில் அவன் முதலில் விட்டுவிடுவது அதனையே. விளக்கு எரியும், விசிறி சுழலும், குறை யாதும் வெளித்தோன்றாது. உபகரணம் ஒன்று பழுதுறும் நாளிலேதான் உயிராபத்து வெளிப்படும். இலங்கையின் தேசிய தொழிற் தகைமை ஏழு மட்டங்களாக வகுக்கப்பட்டு, செயற்றிறன் கண்டு சான்றிதழ் வழங்கப்படுகின்றது. நன்று. பயில்வோனின் திறனை அளப்பதுபோலவே பயிற்றுவோனின் திறனையும் அளத்தல் வேண்டும் என்பதே எமது வேண்டுகோள். கை தேர்ந்த மேசன், மேசன் வேலையைக் கற்பிப்பதிலும் கை தேர்ந்தவராய் இருப்பார் என்பதற்கு உறுதியில்லை.

இனி, கூறுதற்கு இன்னாததாயினும் கூறாது விடலாகாததொன்று உளது. வளைந்த தென்னை இன்று எம்மிடையே பல்கியுள்ளது. பாடசாலையில் அரைகுறையாக நடத்தப்படும் பாடம், மாலையில் ரியூட்டரியிற் பணங்கொடுத்தார்க்கு முழுமையாக நடத்தப்படுமாயின், அது திறமைக் குறைவன்று, நெறிப் பிறழ்ச்சி. 1945ஆம் ஆண்டில் இந்நாட்டில் இலவசக் கல்வி நடைமுறைக்கு வந்தது ஏழையின் பிள்ளையும் செல்வனின் பிள்ளையும் ஒரே வாங்கிலிருந்து ஒரே கல்வியைப் பெறுதற்பொருட்டே. மாலை வகுப்புக்குப் பணமில்லாத தாயின் மகன் காலை வகுப்பிலும் ஏமாற்றப்படுவானாயின், சட்டத்தில் இருக்கும் இலவசக் கல்வி அவன் கொப்பியில் இல்லை. ஆசிரியர் அனைவரையும் யாம் இவ்வாறு பழிக்கவில்லை. ஓய்வுநேரத்தையும் ஈந்து, கைம்மாறு கருதாது உழைப்பார் பலர் இன்றும் உளர். அவர்கள் இருப்பதனாலேயே இப்பிறழ்ச்சி மேலும் பெரிதாகத் தோன்றுகின்றது.

எனினும் நெறியை வேண்டுவார் நீதியையும் வேண்டுதல் முறை. 1966ஆம் ஆண்டு ஒக்டோபர் 5ஆம் நாள் ஏற்றுக்கொள்ளப்பட்ட ஆசிரியர் தகுதிநிலை பற்றிய சர்வதேச விதப்புரை, கற்பித்தலைச் சிறப்பறிவும் இடையறாக் கற்றலும் வேண்டிநிற்கும் தொழிலாக ஏற்பதோடு, அதற்கேற்ற வேதனத்தையும் வேலை நிலைமைகளையும் வலியுறுத்துகின்றது. 2021ஆம் ஆண்டில் இந்நாட்டு ஆசிரியரும் அதிபரும் சம்பள முரண்பாடு பற்றி மாதக்கணக்கில் பணிப்பகிஷ்கரிப்புச் செய்தமை யாவரும் அறிந்ததே. குடும்பத்தைக் காக்க இரண்டாம் தொழில் தேடவேண்டிய நிலையில் ஆசிரியரை வைத்துக்கொண்டு, அவரிடம் முனிவரின் ஒழுக்கத்தை மட்டும் எதிர்பார்த்தல் நேர்மையன்று.

பழைய மாணவராகிய எம்மிடத்தும் குறைகள் இல்லாமலில்லை. அந்நாளிற் பிரம்பாலடித்துப் படிப்பித்தனர், ஆதலினாலேயே உயர்ந்தோம் என எம்மவர் சிலர் பெருமிதத்துடன் கூறக் கேட்கின்றோம். பிரம்புக்கு அஞ்சிப் பாடசாலையை விட்டோடினோர் பழைய மாணவர் கூட்டத்துக்கு வருவதில்லை. ஆகலின் அவர்தம் சாட்சியம் ஒருபோதும் கேட்கப்படுவதில்லை. மற்றொன்று, பொறியியலாளராயும் மருத்துவராயும் கணக்காளராயும் விளங்கும் எம்மவர் விடுமுறையில் வந்து உயர்தர மாணவர்க்குக் கருத்தரங்கு நடத்துவது. நோக்கம் மிக நன்று. ஆயின் மூன்று மணிநேரம் இடைவிடாது உரைத்து, கைதட்டல் பெற்று, புகைப்படம் எடுத்துக்கொண்டு மீள்வதால் மாணவன் கற்றான் என்பது பெறப்படுமோ? டொனால்ட் கேர்க்பற்றிக் என்பார் 1959இல் எழுதத் தொடங்கிய கட்டுரைகளிலே பயிற்சியை நான்கு வினாக்களால் அளக்கச் சொன்னார்: பயின்றோர்க்குப் பிடித்ததா, கற்றனரா, கற்றதைச் செயலிற் கொண்டனரா, அதனாற் பயன் விளைந்ததா. எம்மவர் பெரும்பாலும் முதல் வினாவோடு நின்றுவிடுகின்றோம். கருத்தரங்குக்கு வருவார் பாட ஆசிரியரை முன்னரே கண்டு, மாணவர் இடறும் இடங்களைக் கேட்டறிதல் வேண்டும்; உரையைச் சுருக்கிப் பயிற்சியைப் பெருக்குதல் வேண்டும்; ஒரு மாதங் கழித்து மீண்டும் வினவிப் பார்த்தலும் வேண்டும்.

1960ஆம், 1961ஆம் ஆண்டுச் சட்டங்களினால் உதவி நன்கொடை பெற்ற பாடசாலைகளிற் பெரும்பாலான அரசின் வசமான பின்னர், ஆசிரியரைத் தேர்ந்து நியமிக்கும் உரிமை அவற்றை நடத்திவந்த சபைகளின் கையைவிட்டு அகன்றது. ஆதலின் பழைய மாணவர் ஆற்றக்கூடியது கட்டடப் பணி ஒன்றே என்னும் எண்ணம் நாளடைவில் வேரூன்றிவிட்டது. நுழைவாயில், மண்டபம், நீச்சற்றடாகம் எனத் திரட்டப்படும் நிதியை யாம் குறைகூறவில்லை. ஆயினும் வந்த ஆசிரியரை வளர்ப்பதற்கு எவருடைய அனுமதியும் வேண்டுவதில்லை என்பதை நினைவூட்டுகின்றோம்.

ஜப்பானிய நாட்டுப் பாடசாலைகளில் நெடுங்காலமாக ஒரு வழக்கம் நிலவுகின்றது. ஆசிரியர் சிலர் கூடி ஒரு பாடத்தை ஆயத்தஞ் செய்வர். ஒருவர் அதனை வகுப்பில் நடத்த, ஏனையோர் பின்னிருந்து மாணவரை உற்றுநோக்குவர். பின்னர் அனைவரும் அமர்ந்து, எவ்விடத்தில் மாணவர் தெளிந்தனர், எவ்விடத்தில் மயங்கினர் என ஆராய்ந்து பாடத்தைத் திருத்துவர். அங்கே ஆராயப்படுவது பாடமேயன்றி ஆசிரியரின் குற்றமன்று. எம்மிடத்தோ வகுப்பறைக் கதவு மூடியே கிடக்கின்றது. பிறர் உள்ளே வருதல் குற்றங்காண்பதற்கே என்னும் அச்சம் நிலவுகின்றது. பாடக்குறிப்பும் மேலதிகாரியின் வருகைக்காக எழுதப்படுகின்றதேயன்றி, மாணவனின் வருகைக்காக எழுதப்படுவதில்லை. புதிதாக வரும் இளம் ஆசிரியரோ தமது முதலாண்டைத் தன்னந்தனியே கழிக்கின்றார். விழா நிதியின் ஒரு பகுதியைத் தனியே ஒதுக்கி, ஓய்வுபெற்ற நல்லாசிரியர் ஒருவரை ஓராண்டுக்கு அவருக்குத் துணையாக்கினால் என்னை? ஆசிரியர்க்கென ஒரு நூலறையும், கூடிப் பாடம் ஆராய வாரத்தில் ஒரு மணிநேரமும் அமைத்தால் என்னை? இவற்றுக்காகும் செலவு ஒரு நுழைவாயிலின் செலவிலும் குறைவாகவே இருக்கும்.

ஆறுமுக நாவலர் 1848ஆம் ஆண்டில் வண்ணார்பண்ணையிலே சைவப்பிரகாச வித்தியாசாலையைத் தாபித்தார். அதற்கு முன்னரே மாணவர் சிலருக்கு வேதனம் பெறாது கற்பித்து, அவர்களைக் கற்பிக்க வல்லாராக ஆக்கிக்கொண்டார். பின்னர் பாலபாடங்களைப் படிமுறையாக எழுதித் தமது அச்சியந்திரசாலையிற் பதிப்பித்தார். முதலில் ஆசிரியர், பின்னர் பாடசாலை, அதன்பின் நூல் என்பதே அவர் கொண்ட வரிசை. இந்து கல்லூரிகள் பலவும் அவர் வழிவந்தன என்பதிற் பெருமை கொள்ளும் யாம், அவ்வரிசையைத் தலைகீழாக்கிவிடுதல் தகாது.

மண்டபத்தின் கல்லிற் பெயர் பொறித்தல் எளிது. இன்று பின் வாங்கில் மௌனமாயிருக்கும் ஒரு சிறுவன், நாளை ஒரு விழாவில் எழுந்து ஓர் ஆசிரியரின் பெயரைச் சொல்லும்படி செய்தல் அரிது. அவ்வரிய பணிக்குப் பழைய மாணவர் சங்கம் இவ்விழா ஆண்டிலேயே முன்வருமாக. கல்லூரி அன்னை நீடு வாழ்க.