நெய்தவன் மார்பும் நீள்குழல் துப்பாக்கியும்

திருவொற்றியூர் நெடுஞ்சாலையிலே தடதடவென முழங்கிச் செல்லும் மோட்டார் சைக்கிளைப் பார்த்திராதவர் வடசென்னையில் உண்டோ? 'என்ஃபீல்டு' என்பது அதன் பெயர். 'புல்லட்' என்பது செல்லப்பெயர். 1955ஆம் ஆண்டில் மெட்ராஸ் மோட்டார்ஸ் நிறுவனம் இங்கிலாந்தின் ரெட்டிச் நகரத்து நிறுவனத்தோடு கைகோத்தது. நம் திருவொற்றியூரிலே ஆலை எழுந்தது. நம் பகுதிப் பாட்டாளியின் கரங்களே அந்த இரும்புக் குதிரைக்கு உயிரூட்டின.

'புல்லட்' என்றால் துப்பாக்கிக் குண்டு. 'என்ஃபீல்டு' என்றால்? இலண்டன் மாநகருக்கு வடக்கே உள்ள ஓர் ஊர். பிரிட்டிஷ் அரசின் துப்பாக்கித் தொழிற்சாலை அங்கேதான் இருந்தது. அத்தொழிற்சாலைக்கு உறுப்புகள் செய்து தந்த காரணத்தாலேயே ரெட்டிச் நிறுவனம் 'ராயல் என்ஃபீல்டு' எனும் பெயரைச் சூடிக்கொண்டது. பீரங்கியைச் சின்னமாகப் பொறித்து, துப்பாக்கி போலச் செய்யப்பட்டது எங்கள் வண்டி என்று பெருமையும் பேசிற்று.

துப்பாக்கியின் பெயர் வண்டிக்கு வந்தது, மகிழ்வோம்! ஆனால், அந்தப் பெயர் இந்த மண்ணிலே முதன்முதல் ஒலித்தபோது, அது ஊர்செல்லும் வண்டியின் பெயரன்று. உயிர்குடிக்கும் கருவியின் பெயர். அந்தக் கருவியின் கதை, அதைப் பிடித்தவன் கதை மட்டுமன்று. அதன் முன்னே நிறுத்தப்பட்டவனின் கதையும் ஆகும்.

கும்பினியார் காலத்துக் காலாட்படையின் துப்பாக்கி 'பிரௌன் பெஸ்'. வாய்வழியே மருந்தும் குண்டும் இட்டுக் கெட்டிக்க வேண்டும். தேர்ந்த சிப்பாயும் நிமிடத்திற்கு மும்முறைதான் சுடுவான். நூறு கெசத்துக்கு அப்பால் குறி தப்பும். மறுபடி மருந்து கெட்டிப்பதற்குள் பகைவன் பாய்ந்துவிட்டால்? அதற்காகவே துப்பாக்கி முனையில் கத்தியொன்றைப் பூட்டினர். பிரான்சு நாட்டுப் பயோன் நகரின் பெயரால் அதனை 'பயோனெட்' என்றனர் ஐரோப்பியர். 'சனியன்' என்றனர் நம்மவர். எத்துணைப் பொருத்தமான பெயர்! சோதிடன் சொல்லும் சனிகூட ஏழரை ஆண்டிலே விலகுமாம். இந்தச் சனியனோ வெள்ளையன் கப்பலேறும் வரையில் விலகவில்லை.

1806 சூலை 10. வேலூர்க் கோட்டை. சாதிக்குறியை அழி, தாடியை மழி, தோல்பட்டை பொருத்திய புதுத் தலைப்பாகையை அணி என்று கட்டளையிட்டது சென்னைப் படைத் தலைமை. மறுத்தவர் முதுகிலே கசையடி விழுந்தது. விடியுமுன் வெடித்தது சிப்பாய்களின் சீற்றம். உறங்கிய வெள்ளைச் சிப்பாய்கள் பலர் மாண்டனர். ஆற்காட்டிலிருந்து குதிரைப்படையோடு விரைந்து வந்த கில்லெஸ்பி, சனியன் பூட்டிய துப்பாக்கிகளோடு எஞ்சிய வெள்ளையரைத் திரட்டிக் கொத்தளத்தின்மீது பாய்ந்தான், கோட்டை வீழ்ந்தது. அரண்மனைக்குள் ஒதுங்கிய ஏறத்தாழ நூறு சிப்பாய்கள் வெளியே இழுக்கப்பட்டுச் சுவரோரம் நிறுத்திச் சுடப்பட்டனர். வெள்ளை அதிகாரி பிளாக்கிஸ்டன் பின்னாளில் எழுதிவைத்த செய்தி இது.

கும்பினியின் துப்பாக்கியைக் கும்பினியின் மீதே திருப்பலாம் என்று காட்டிய ஊர் வேலூர்! அரை நூற்றாண்டு கழித்து வடபுலம் அதே பாடத்தைப் படித்தது. 1853ஆம் ஆண்டு மாதிரி என்ஃபீல்டு துப்பாக்கி வந்து இறங்கிற்று. குழலின் உட்புறத்தே சுருள்வரி வெட்டப்பட்டிருந்தது. அந்த வரியிலே சுழன்று வெளிவரும் குண்டு, பல நூறு கெசம் தாண்டியும் குறி தவறாமல் தாக்கும். ஆனால் அதன் தோட்டாவைப் பல்லால் கடித்துத் திறக்க வேண்டும். தோட்டாவிலே தடவியது பசுக்கொழுப்பும் பன்றிக்கொழுப்பும் எனும் செய்தி பரவிற்று. மீரத்திலே 85 குதிரைவீரர்கள் தோட்டாவைத் தொட மறுத்தனர், விலங்கிடப்பட்டனர், 1857 மே 10 அன்று மீரத் எரிந்தது. தோட்டா தீக்குச்சிதான், குவிந்து கிடந்த சருகோ கும்பினி ஆட்சியின் கொடுமை!

வென்ற வெள்ளையன் என்ன கற்றான்? நல்லாட்சி தரவா கற்றான்? நல்ல துப்பாக்கியை நம்மவன் கையில் தராதிருக்கக் கற்றான்! வெள்ளைச் சிப்பாய்க்குப் புதியது. இந்தியச் சிப்பாய்க்கு அவன் கழித்துப் போட்ட பழையது. குடிமகனுக்கோ அதுவும் இல்லை. 1878ஆம் ஆண்டு ஆயுதச் சட்டம், உரிமம் இன்றிப் படைக்கலம் வைத்திருப்பதைக் குற்றமாக்கிற்று. சுடும் உரிமை ஆள்வோனுக்கு. சுடப்படும் கடமை ஆளப்படுவோனுக்கு!

அடுத்து வந்தது 'லீ என்ஃபீல்டு'. நம் நாட்டுப் போலீசார் கையிலே நெடுங்காலம் நாம் கண்ட 'திரீ நாட் திரீ'. பத்துத் தோட்டாக்கள் நிரம்பும் பெட்டி. பயின்றவன் கையில் நிமிடத்திற்குப் பதினைந்து குண்டு. 2,000 கெசம் வரை குறிக்க அளவுக்கோடு. அதன் முனையிலே 17 அங்குல நீளச் சனியன். ஐரோப்பியப் போர்க்களத்துக்கென உருவான அந்தக் கருவியை, 1919 ஏப்ரல் 13 அன்று ஜாலியன்வாலாபாக்கிலே சுவர்களுக்கிடையே சிக்கிய மக்களை நோக்கி நீட்டச் செய்தான் டயர். பத்து நிமிடம், 1,650 குண்டுகள். மாண்டவர் 379 என்றது அரசுக் கணக்கு. தொலைவிலுள்ள படைவீரனைத் துளைக்கச் செய்த குண்டு, சில கெசத்திலே நின்ற தாயையும் சேயையும் துளைத்தது.

அமிர்தசரசுதான் தொலைவு, பெரம்பூர் நமக்குத் தொலைவா? பின்னி ஆலை என நாம் அழைத்த பக்கிங்காம் கர்நாட்டிக் ஆலை அங்கேதான் இருந்தது. படைக்கும் போலீசுக்கும் காக்கித் துணி நெய்து தந்து பேர் பெற்ற ஆலை அது. 1918 ஏப்ரல் 27 அன்று, வாடியாவும் திரு.வி.க.வும் துணைநிற்க, சென்னைத் தொழிலாளர் சங்கம் பிறந்தது. இந்தியாவின் முறையான முதல் தொழிற்சங்கம்! கூலி கேட்டனர், மதிப்புக் கேட்டனர். கதவடைப்பு வந்தது, 1920 டிசம்பரிலே துப்பாக்கியும் வந்தது. 1921இல் போராட்டம் நீண்டபோது, ஒரே தறியிலே நின்ற தொழிலாளரைச் சாதி இரண்டாகப் பிளந்தது. புளியந்தோப்பிலே குடிசைகள் எரிந்தன. அந்தப் பிளவின் நடுவே, ஆகஸ்ட் 29 அன்று, போலீசின் குண்டுகள் மீண்டும் பாய்ந்தன, உயிர்கள் வீழ்ந்தன.

எண்ணிப் பாருங்கள், தோழர்களே! காக்கியை நெய்தவன் தொழிலாளி. நெய்த கைக்குக் கூலி கேட்டான். அவன் நெய்த துணி சட்டையாகித் திரும்பி வந்தது. சட்டைக்குள்ளே ஓர் ஏழையின் மகன். அவன் கையிலே துப்பாக்கி. குழலின் எதிரே நெய்தவனின் மார்பு! ஏழையைக் கொண்டே ஏழையைச் சுடும் வித்தைக்கு இதைவிடச் சான்று வேண்டுமோ?

விடுதலை வந்தது. துப்பாக்கியே வேண்டாம் என்று நாம் வாதாடவில்லை. 1962இல் பனிமலையிலே சீனப்படையை எதிர்கொண்ட நம் வீரர் கையில் அந்தப் பழைய திரீ நாட் திரீதான் இருந்தது. பழங்கருவியோடு மகனை எல்லைக்கு அனுப்பும் நாடு, அவனை வஞ்சிக்கும் நாடு. இஷாபூரிலும், 1966 முதல் நம் திருச்சியிலும், அரசின் ஆலைகள் படைவீரனுக்குத் துப்பாக்கி செய்யத் தொடங்கியது கண்டு பெருமை கொள்கிறோம். எல்லையில் நிற்பவனுக்கு ஏற்றமிகு கருவி தருக!

ஆனால், எல்லையிலே நிற்க வேண்டியது தெருவுக்கு வருவானேன்? 2018 மே 22 அன்று தூத்துக்குடியிலே, எங்கள் காற்றை நஞ்சாக்காதே என்று கேட்டு நடந்த மக்கள்மீது போலீசார் சுட்டனர். 13 பேர் மாண்டனர். அருணா செகதீசன் ஆணையத்தின் அறிக்கை 2022 அக்டோபரிலே சட்டமன்றத்தின் முன் வைக்கப்பட்டது. முறையான எச்சரிக்கையின்றிச் சுட்டனர் என்று அது குற்றம் சாட்டிற்று. வெள்ளையன் போய் எழுபது ஆண்டு கழிந்த பின்னும், குழலின் திசை மட்டும் மாறவில்லையே!

எண்ணூரின் காற்றைச் சுவாசிப்பவர் நாம். எண்ணூர்க் கழிமுகத்திலே எண்ணெய்ப் படலம் மிதந்ததைக் கண்டவர் நாம். நாளை நாமும் கேள்வி கேட்டுத் தெருவுக்கு வர நேரலாம். எனவே இன்றே கேட்கிறோம். உயிருக்கு உடனடி ஆபத்து என்றாலன்றிச் சுடலாகாது என்று 1990இல் ஹவானாவிலே ஐக்கிய நாடுகளின் மாநாடு வகுத்த நெறி இங்கே சட்டமாகட்டும். கூட்டத்தைக் கலைக்க வருவோர் கையிலே போர்க்களத் துப்பாக்கி இருத்தல் கூடாது. சுடச் சொன்னவர் யார் என்பது பெயரோடு பதிவாகட்டும். ஆணைய அறிக்கைகள் அலமாரியில் உறங்காது நடவடிக்கையாகட்டும். ஆள்வது எக்கட்சியாயினும், நாமே ஆளினும், இக்கோரிக்கை மாறாது.

நமக்கும் கடமை உண்டு. ஊர்வலத்திலே ஒரு கல்லும் பறத்தல் ஆகாது. சுடுவதற்குச் சாக்குத் தேடுவோனுக்கு நம் கையால் சாக்குத் தருதல் ஆகாது. சாதி பேசிப் பிரிக்க வருவோனைப் புளியந்தோப்பை நினைந்து விரட்டுவோம்.

துப்பாக்கியின் பெயரை வண்டிக்கு மாற்றிக் காட்டியவை திருவொற்றியூர்த் தொழிலாளியின் கரங்கள். துப்பாக்கியின் திசையை மாற்றிக் காட்டுவதும் அந்தக் கரங்களாலேயே ஆகும்!