விதியில் இல்லாதது கையெழுத்தில் இருக்கிறது

கட்டட அனுமதி கிடையாது என்று வரும் கடிதத்தில் எவனும் சாதிப் பெயரை எழுதுவதில்லை. ‘விதிகளின்படி இயலாது’, ‘பொதுநலன் கருதி நிராகரிக்கப்படுகிறது’, அவ்வளவுதான். கேட்டால், “சட்டம் எல்லாருக்கும் பொதுதானே, உங்களுக்கு மட்டும் ஏன் வலிக்குது?” என்பார்கள். இந்தக் கேள்விக்கு 1880களிலேயே பதில் சொன்னவர்கள் சலவைத் தொழிலாளிகள். அமெரிக்காவின் சான் பிரான்சிஸ்கோ நகரத்துச் சீனர்கள்.

1880இல் அந்த நகரசபை ஓர் உத்தரவு போட்டது. செங்கல், கல் கட்டடம் தவிர வேறு எதில் சலவைக்கடை நடத்தினாலும் நகரசபையின் அனுமதி வேண்டும். காரணம், தீப்பிடிக்குமாம். ஊரில் இருந்த 320 கடைகளில் சுமார் 310 மரக்கட்டடங்கள். ஏறக்குறைய 240 கடைகள் சீனர்களுடையவை. உத்தரவில் ‘சீனர்’ என்ற சொல்லே இல்லை. ஆனால் மனுப்போட்ட 200க்கும் மேற்பட்ட சீனர்களில் ஒருத்தருக்குக்கூட அனுமதி கிடைக்கவில்லை. சீனரல்லாதவர்கள் சுமார் 80 பேர். ஒருத்தரைத் தவிர எல்லாருக்கும் கிடைத்தது.

யிக் வோ என்ற பெயரில் வழக்காடியவர் 22 வருஷம் அதே கட்டடத்தில் தொழில் செய்தவர். தீத்தடுப்பு அதிகாரியும் சுகாதார அதிகாரியும் பார்த்துவிட்டுச் சரி என்றே சான்று கொடுத்திருந்தார்கள். அப்புறமும் அனுமதி இல்லை. 10 டாலர் அபராதம், கட்டாததால் சிறை. சீனச் சலவைக்காரர்களின் சங்கம் வக்கீல் வைத்துப் போராடியது. 1886 மே 10 அன்று உச்சநீதிமன்றம் ஒருமனதாகத் தீர்ப்பளித்தது: சட்டம் வெளிப்பார்வைக்கு நடுநிலையாக இருக்கலாம், அதை ஓரவஞ்சனையோடு நடத்தினால் அது சமத்துவ மறுப்பே.

நீதிபதிகளின் நல்ல மனசு என்று ஏமாந்துவிட வேண்டாம். இனவாரியாகத் தனித்தனி ரயில் பெட்டி வைப்பது சரிதான் என்று 1896இல் சொன்னதும் அதே நீதிமன்றம்தான். சீனர்களை ஜெயிக்க வைத்தது அந்தக் கணக்கு.

கணக்கு எப்போதும் போதுமா? போதாது. சிகாகோ பக்கத்தில் ஆர்லிங்டன் ஹைட்ஸ் என்றொரு ஊர். 1970 கணக்கெடுப்பில் 64,000 பேர். கறுப்பர்கள் 27 பேர். அங்கே ஏழை, நடுத்தரக் குடும்பங்களுக்கு 190 வீடுகள் கட்ட நிலவகையை மாற்றித் தரச் சொல்லிக் கேட்டார்கள். 1971இல் ஊர்ச்சபை மறுத்தது. 1977இல் உச்சநீதிமன்றம் சொன்னது: விளைவு மட்டும் போதாது, பாகுபாட்டு ‘உள்நோக்கத்தை’ நிரூபியுங்கள். அடிவாங்கியவன்தான் அடித்தவன் மனசைத் திறந்து காட்டணுமாம்! 1968ஆம் வருஷத்து வீட்டுரிமைச் சட்டத்தைப் பிடித்துத் திரும்பவும் வழக்காடி, கடைசியில் வேறு இடத்தில் வீடு என்று சமரசம் ஆனது.

ஆனால் உள்நோக்கத்தை எதில் தேடலாம் என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. முடிவுக்கு முன் என்ன நடந்தது, வழக்கமான நடைமுறையை மீறினார்களா, கூட்டக் குறிப்பில் என்ன பேசினார்கள். எல்லாமே காகிதம்.

நமக்கு இதில் வேலை இருக்கிறது. நம் அரசியல் சட்டத்தின் 14ஆம் பிரிவை வைத்து 1952இல் நடந்த அன்வர் அலி சர்க்கார் வழக்கிலேயே யிக் வோ பேசப்பட்டது. மறுக்கப்பட்டவர் தனியாக உயர்நீதிமன்றம் போனால் அது ஒரு வீட்டுப் பிரச்சினை. ‘செட்பேக் போதவில்லை’, ‘பாதை இல்லை’ என்று ஒரு வரியில் முடித்துவிடுவார்கள். அதே விதியை ஊர்த்தெருவுக்குத் தளர்த்தினார்களா என்று பட்டியல் போட்டுக் கேட்டால் வழக்கே வேறு.

2005 முதல் தகவல் உரிமைச் சட்டம் இருக்கிறது. ஐந்து வருஷத்தில் எத்தனை மனு, எந்தத் தெருவிலிருந்து, எத்தனை நாளில் முடிவு, மறுத்ததற்கு என்ன காரணம் என்று கேளுங்கள். ஆள் பெயர் தேவையில்லை. நம் ஊர்களில் தெருவே சாதியைச் சொல்லிவிடும்.

மாணவத் தோழர்கள் ஆளுக்கொரு பஞ்சாயத்தை எடுத்துக்கொள்ளலாம். வாய்மொழியாக ‘முடியாது’ என்றால் ஏற்காதீர்கள், எழுத்தில் வாங்குங்கள். வக்கீல் அதற்கப்புறம் வரட்டும்.