ஓ.எம்.ஆர். டைரி: சாம்பார் வாளிக்குப் பின்னால் ஒரு கதை இருக்கு!

போன மாதம் கேளம்பாக்கத்தில் ஒரு கல்யாணம். பந்தியில் உட்கார்ந்து இலையில் தண்ணீர் தெளித்துக்கொண்டிருந்தேன். சாம்பார் வாளியோடு வந்தவர் சட்டென நின்றார். "டேய் தம்பி... நீயா?"

அண்ணன்! டிப்ளமோ படித்தபோது சனி, ஞாயிறுகளில் கேட்டரிங் வேலைக்குப் போவேன். ஒரு நாளைக்கு 500 ரூபாய், சாப்பாடு. அப்போது எங்கள் டீமுக்கு லீடர் இந்த அண்ணன்தான். "இலையை மட்டும் பார்க்காத, ஆளோட முகத்தையும் பார்த்துப் பரிமாறு" என்று சொல்லிக் கொடுத்தவர். சிறுசேரி சிப்காட் பக்கம் சொந்தமாக ஒரு டிபன் கடை போடுவது அவர் கனவு. 2019-ல் போட்டும் விட்டார். மறு வருடமே கொரோனா. ஐ.டி. ஆட்கள் எல்லாரும் வொர்க் ஃப்ரம் ஹோம். இட்லி வாங்க ஆளில்லை. கடையை மூடிவிட்டார். இப்போது வேறு ஒருவரின் டீமில் பரிமாறுகிறார்.

வீட்டுக்கு வந்ததும் எனக்கு 'பார்ட்டி டவுன்' ஞாபகம்தான். 2009, 2010-ல் அமெரிக்காவின் ஸ்டார்ஸ் சேனலில் வந்த காமெடி தொடர். லாஸ் ஏஞ்சல்ஸில் ஒரு கேட்டரிங் டீம். சினிமா வாய்ப்பு தேடி வந்து, வாடகைக்காகத் தட்டு தூக்குபவர்கள்தான் அதில் பாதிப்பேர். ஒரு எபிசோடுக்கு ஒரு பார்ட்டி. எல்லாருக்கும் ஒரே யூனிஃபார்ம், பிங்க் கலர் போ டை!

ஹீரோ ஹென்றி ஒரு பீர் விளம்பரத்தில் சொன்ன ஒற்றை டயலாக்கால் பிரபலமானவர். அதன்பிறகு வாய்ப்பே வரவில்லை. போகிற பார்ட்டியில் எல்லாம் "அந்த டயலாக்கை ஒருமுறை சொல்லுங்க" என்று கேட்டுச் சாகடிக்கிறார்கள்.

ஆனால், என்னைப் பிடித்துப்போட்ட கேரக்டர் லீடர் ரான்தான். சொந்தமாக ஒரு சூப் கடை என்பது அவர் கனவு. முதல் சீசன் முழுக்க அதே பேச்சு. நமக்கும் சிரிப்பு வரும். இரண்டாவது சீசனில் கடை கைவிட்டுப் போகிறது. ரான் அதே டீமுக்குத் திரும்பி வருகிறார். இப்போது லீடர், ஹென்றி! நேற்றுவரை அதட்டியவர், இன்று கைகட்டி நிற்கிறார்.

காமெடி தொடர்களில் கேரக்டர்கள் பெரும்பாலும் மாற மாட்டார்கள். கஞ்சன் கடைசிவரை கஞ்சன்தான். இதில் மாறுகிறார்கள், அதுவும் மேலே ஏறி அல்ல, சறுக்கி! சறுக்கி விழுந்தவர் மறுநாள் காலையில் அதே யூனிஃபார்மை மாட்டிக்கொண்டு வருகிறாரே, அங்கேதான் ரான் நமக்குப் புதிதாகத் தெரிகிறார். முதல் சீசனில் அவரைப் பார்த்துச் சிரித்த நாம், இரண்டாவது சீசனில் அவருக்காகக் கவலைப்படுகிறோம்.

நம் ஊரில் கேட்டரிங் காமெடி என்றால் 'மைக்கேல் மதன காமராஜன்'தான். 1990 தீபாவளிக்கு வந்த படம். கல்யாண சாம்பாரில் மீன் விழும் அந்த சீனை இன்றைக்கும் போனில் பார்த்துச் சிரிக்கிறோம். கமலின் காமேஸ்வரனைவிட, பாலக்காட்டு மணி ஐயராக வரும் டெல்லி கணேஷின் முகத்தைப் பாருங்கள். ஒரு சமையல்காரருக்குத் தொழில் மானம் எவ்வளவு பெரிசு என்பது அந்தப் பதற்றத்தில் தெரியும். கிரேசி மோகன் வசனத்தில் சிரிப்போடு அதுவும் சேர்ந்தே வருகிறது.

ஆனால், அவர்கள் சமையல்காரர்கள். சாப்பாடு நன்றாக இருந்தால் "சமையல் யாரு?" என்று கேட்போம். பரிமாறியது யார் என்று கேட்பதில்லை. ஐ.டி. ஆபீஸை வைத்து விஜய் டி.வி.யில் 'ஆபீஸ்' தொடர் வந்தது. அந்த ஆபீஸ் பார்ட்டிகளில் பரிமாறுகிறவர்களை வைத்து ஒரு தொடர் வந்தால் எப்படி இருக்கும்? மாமல்லபுரம் ரிசார்ட், நாவலூர் அப்பார்ட்மென்ட் பர்த்டே, சிறுசேரி ஆபீஸ் ஆயுத பூஜை... வாரம் ஒரு எபிசோடுக்கு ஓ.எம்.ஆரில் கதைக்கா பஞ்சம்?

ஒரு விஷயத்தை ஒப்புக்கொள்கிறேன். அன்றைக்குப் பந்தியில் அண்ணன் கூப்பிட்டபோது, பக்கத்தில் இருந்த ஆபீஸ் நண்பர்களை ஒரு செகண்ட் பார்த்துவிட்டுத்தான் "அண்ணே" என்றேன். அந்த ஒரு செகண்ட் இன்னும் உறுத்துகிறது. அவர் கண்டுகொண்டாரா தெரியவில்லை. பாயசம் மட்டும் இரண்டு தடவை வந்தது.

மறுநாள் போன் போட்டு ரான் கதையைச் சொன்னேன். பொறுமையாகக் கேட்டவர், "கடை போனப்புறம் அந்தாளு என்ன பண்ணார்?" என்றார்.

2023-ல் மூன்றாவது சீசன் வந்ததையும், அதில் ரான் அந்த கேட்டரிங் கம்பெனியையே விலைக்கு வாங்குவதையும், வாங்கிய நேரத்தில் கொரோனா வந்துவிடுவதையும் சொன்னேன்.

அண்ணன் விழுந்து விழுந்து சிரித்தார். "அங்கேயுமா?" என்றவர், "சரி, அப்புறம்?" என்றார்.

"இன்னும் விடலைண்ணே."

"நான் மட்டும் விட்டுட்டேனா? படூர்ல ஒரு இடம் பார்த்திருக்கேன். அட்வான்ஸ்தான் புரளணும்."

அடுத்த பந்தியில் உட்காரும்போது, சாம்பார் ஊற்றுகிறவரின் முகத்தையும் கொஞ்சம் பாருங்கள் மக்களே. பெயரைக் கேட்டாலும் தப்பில்லை!