இடைக்காலத்தின் நீளம்

ஸ்டே வாங்கிவிட்டால் பாதி வழக்கு ஜெயித்த மாதிரி என்பார்கள். சிவில் வழக்குகளைப் பொறுத்தவரை பாதி அல்ல, முக்கால். மூல வழக்கு முடிய ஆண்டுக்கணக்கில் ஆகும் நாட்டில் 'இடைக்கால' உத்தரவுதான் கட்சிக்காரர் கண்ணால் பார்க்கும் தீர்ப்பு. தோற்றவர் உடனே மேல்முறையீட்டுக்கு ஓடுவதில் வியப்பில்லை.

மேல்நீதிமன்றம் எப்போது தலையிடலாம்? 1990-ல் உச்ச நீதிமன்றம் இதற்கு விடை சொன்னது. வாண்டர் - ஆன்டாக்ஸ் வழக்கு. 'கால்-டி-சி' என்ற கால்சியம் மாத்திரையின் பெயர் பற்றிய தகராறு. சென்னை உயர் நீதிமன்றத்தின் தனி நீதிபதி தடை தர மறுத்தார். டிவிஷன் பெஞ்ச் தந்தது. உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. தடை தருவதும் மறுப்பதும் முதலில் விசாரிக்கும் நீதிபதியின் விருப்புரிமை. அவர் மனம்போன போக்கில் நடந்திருந்தால், சட்டக் கோட்பாடுகளைப் புறக்கணித்திருந்தால் மட்டுமே மேலே உள்ளவர்கள் கைவைக்கலாம். 'நானாக இருந்தால் வேறு மாதிரி முடிவெடுத்திருப்பேன்' என்பது காரணமாகாது.

நியாயமான விதி. மேல்முறையீடுதோறும் வழக்கை முதலிலிருந்து அலசினால், இடைக்கால மனுவே இன்னொரு மூல வழக்காகிவிடும். செலவு செய்யத் தெம்புள்ளவருக்கே அது லாபம்.

ஆனால் இந்த அடக்கம் கண்மூடித்தனமாகிவிடக் கூடாது. 2024-ல் ஜீ நிறுவனம் பற்றி ப்ளூம்பெர்க் வெளியிட்ட கட்டுரையை நீக்கும்படி டெல்லி விசாரணை நீதிமன்றம் உத்தரவிட்டது. எதிர்த்தரப்பைக் கேட்காமலே. வழக்கில் முகாந்திரம் உண்டா, பாதகம் யாருக்கு அதிகம், இழப்பைப் பின்னால் ஈடுகட்ட முடியுமா என்ற மூன்று கேள்விகளும் உத்தரவில் இருந்தன. வாதியின் வழக்குக்கு அவை எப்படிப் பொருந்துகின்றன என்ற விளக்கம்தான் இல்லை. டெல்லி உயர் நீதிமன்றமும் தலையிடவில்லை. உச்ச நீதிமன்றம் இரண்டு உத்தரவுகளையும் ரத்து செய்து, மனுவைப் புதிதாக விசாரிக்கச் சொன்னது. எதிர்த்தரப்பைக் கேட்காமல், காரணமும் சொல்லாமல் தரும் தடை, 1990 தீர்ப்பு சொன்ன விதிவிலக்குக்குள்ளேயே வருகிறது என்றது.

ஆக, மேல்நீதிமன்றம் முதலில் பார்க்க வேண்டியது முடிவை அல்ல, அதற்கான காரணத்தை. காரணம் எழுதிய நீதிபதியின் விருப்புரிமைக்கு மதிப்புத் தரலாம். காரணமே எழுதாதபோது மதிக்க என்ன இருக்கிறது? எதிர்த்தரப்பைக் கேட்காமல் தடை கொடுத்தால் 30 நாட்களில் அந்த மனுவை முடிக்க முயல வேண்டும் என்று சிவில் நடைமுறைச் சட்டத்தின் 39-வது ஆணை சொல்கிறது. அதைக் கண்டிப்பாகக் கடைப்பிடித்தாலே மேல்முறையீடுகளில் பல தேவைப்படாது. 'இடைக்காலம்' என்ற சொல்லுக்கும் அதன் பொருள் திரும்பக் கிடைக்கும்.