சீண்டுவது வீரமாகுமா?

கொடிய விலங்கின் வாயருகே கையை நீட்டுவோனை வீரன் என்று கொண்டாடும் காலம் இது. நம் இல்லத்துப் பிள்ளைகளும் தொலைக்காட்சியின் முன் அமர்ந்து, முதலை சீறும்போதெல்லாம் கைதட்டுகின்றனர். ‘சினிமாவைக் காட்டிலும் இது மேல், அறிவு வளர்கிறது’ என்று பெற்றோர் அமைதி கொள்கின்றனர். வளர்வது அறிவுதானா?

ஆஸ்திரேலியரான ஸ்டீவ் இர்வின், ‘முதலை வேட்டைக்காரர்’ என்னும் பெயரில் 1990களில் தொடங்கிய விவரணப் படத்தொடரால் உலகப் புகழ் எய்தியவர். விலங்குகளின்பால் அவர் கொண்ட அன்பு போலியன்று. அவை வாழ நிலங்களை வாங்கிக் காத்தார். 2002இல் அவற்றின் நலனுக்கென அமைப்பொன்றும் நிறுவினார். இவற்றை மறைப்பது நீதியாகாது. ஆயினும், நிய்யத் தூயதாக இருந்தால் போதுமா? வழியும் தூயதாக வேண்டாவா? பாம்பை வாலைப் பற்றித் தூக்குவதும், முதலை பாயும்வரை அதனை நெருங்குவதுமே அப்படங்களின் உயிர்நாடி. 2004 ஜனவரியில், பிறந்து ஒரு மாதமேயான தம் மகனை ஒரு கையில் ஏந்தியவாறு மறு கையால் முதலைக்கு இறைச்சி ஊட்டினார், பலரும் கண்டித்தனர்.

2006 செப்டம்பர் 4 அன்று, ‘பெருங்கடலின் மிகக் கொடியவை’ என்று பொருள்படும் தலைப்பிலான படத்திற்காகக் குயின்ஸ்லாந்துக் கடலுக்குச் சென்றிருந்தபோது, திருக்கை மீனின் முள் நெஞ்சில் பாய்ந்து தம் 44ஆம் வயதில் மாண்டார். திருக்கை மனிதனைத் தேடிவந்து தாக்குவதன்று. அஞ்சினால் வாலை வீசும். கடலோரத்தில் வாழும் நம்மவர்க்கு இதனை விளக்க வேண்டுவதில்லை.

அடுத்து நிகழ்ந்ததைக் கேளுங்கள். ஒன்றரை வாரத்திற்குள் அக்கடற்கரைகளில் பத்துக்குக் குறையாத திருக்கைகள் மாண்டு கிடந்தன. சிலவற்றின் வால்கள் அறுக்கப்பட்டிருந்தன. பழிவாங்கும் செயலென்றே ஐயுறப்பட்டது. இர்வின் நிறுவிய அமைப்பே அதனைக் கண்டித்தது. ஓர் உயிரைக் ‘கொடியது’ என்று பெயரிட்டுக் காட்டினால், காண்போன் கற்பது பகையே என்பதற்கு வேறென்ன சான்று வேண்டும்?

பசு, தேனீ, எறும்பு, சிலந்தி, யானை ஆகியவற்றின் பெயரால் அத்தியாயங்களைக் கொண்டது நம் திருமறை. விலங்கும் பறவையும் நம்மையொத்த சமுதாயங்களே என்பது ‘அல்அன்ஆம்’ அத்தியாயம் தரும் பாடம். விலங்குகளை ஒன்றோடொன்று மோதவிடுவதை நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் தடுத்தார்கள். மோதவிட்டுக் களிப்பதே தகாதெனில், பிறர் களிக்கத் தானே விலங்கோடு மோதுவது எங்ஙனம் தகும்? அதன் உயிரைப் போன்றே தன் உயிரும் அமானிதமன்றோ?

கல்வி வேண்டாமென்று கூறவில்லை. ஒன்பதாம் நூற்றாண்டில் பஸராவின் அல்ஜாஹிழ், தாம் கேட்ட செய்திகளை ஐயுற்று ஆராய்ந்து ‘கிதாபுல் ஹயவான்’ என்னும் பெருநூல் யாத்தார். நம் காலத்தில் இங்கிலாந்தின் டேவிட் ஆட்டன்பரோ, பொறுமையாகக் காத்திருந்து, தாழ்ந்த குரலில் பேசியே பல தலைமுறைகளுக்குக் கற்பித்திருக்கிறார். அதற்கும் துணிவு வேண்டும். பொறுமை அதனினும் மிகுதியாக வேண்டும்.

பெற்றோரே! அடுத்த முறை உங்கள் பிள்ளை கைதட்டும்போது, ‘அந்த முதலை ஏன் சீறிற்று?’ என்று மட்டும் கேளுங்கள். அக்கேள்வியில் தொடங்குகிறது அறிவு.